லிங்க் அறுந்த கதைகள்

24 பிப்ரவரி 2021, புதன்கிழமை. காலை பத்து மணி தாண்டிக் கொஞ்ச நேரத்தில் தேசியப் பங்குச் சந்தையின் நிஃப்டி எண் திரையில் அப்படியே உறைந்து நின்றுவிட்டது. பங்குகளின் விலை ஏறி இறங்கிக்கொண்டுதான் இருந்தது, குறியீட்டெண் மட்டும் நகரவில்லை. 11.40 மணிக்கு மேல் சந்தையையே நிறுத்திவிட்டார்கள். மறுபடி திறந்தது மாலை 3.45-க்கு. வழக்கமாக 3.30-க்கு மூடும் கடை அன்றைக்கு 5 மணி வரை ஓடியது.

மறுநாள் மாதாந்திர ஒப்பந்தங்கள் முடிகிற வியாழக்கிழமை. அதாவது நிறையப் பேர் கையில் அன்றைக்குள் முடிக்க வேண்டிய கணக்குகள் இருந்தன. சந்தை திறக்குமா திறக்காதா என்று தெரியாமல், பல தரகு நிறுவனங்கள் மாலை மூன்று மணி வாக்கில் வாடிக்கையாளர்களின் கணக்கை மும்பைப் பங்குச் சந்தையில் கிடைத்த விலைக்கு முடித்துவிட்டன. அப்புறம் பார்த்தால் "3.45-க்குத் திறக்கிறோம்" என்று அறிவிப்பு! திறந்ததும் விலை ஏறியது. நட்டப்பட்டவர்கள் புலம்பியது நியாயம்தான்.

பங்குச் சந்தையில் எனக்கு ஆனா ஆவன்னா தெரியாது. இந்தக் கதையில் நான் மாட்டிக்கொண்டது காரணத்தைப் படித்தபோதுதான். ஹேக்கிங் இல்லை, வைரஸ் இல்லை, யாரும் தப்பான பட்டனை அமுக்கவும் இல்லை. மும்பையில் ஒரு டேட்டா சென்டருக்கும், அதே ஊரில் இருந்த இன்னொரு டேட்டா சென்டருக்கும் நடுவில் போகும் கேபிள்கள் சரியாக வேலை செய்யவில்லை. வழியில் ரோடு தோண்டும் வேலையும் கட்டுமான வேலையும் நடந்ததுதான் முக்கியக் காரணம் என்று பிறகு மார்ச் மாதம் என்எஸ்இ விளக்கம் கொடுத்தது. இரண்டு வெவ்வேறு தொலைத்தொடர்பு நிறுவனங்களிடம் லிங்க் வாங்கி வைத்திருந்தும் இரண்டும் ஒரே நாளில் தடுமாறின.

சரி, கேபிள் போனால் நகல் எடுப்பது நிற்கும். மூலம் ஏன் நிற்க வேண்டும்? இந்தக் கேள்விக்குப் பின்னால்தான் ரெப்ளிகேஷனின் முப்பது வருடக் கதை இருக்கிறது.

ரெப்ளிகேஷன் என்றால் ஒன்றுமில்லை, ஒரு சர்வரில் எழுதுவதை உடனுக்குடன் இன்னொரு சர்வரிலும் எழுதி வைப்பது. பேக்அப் வேறு, இது வேறு. பேக்அப் நேற்று ராத்திரி எடுத்த போட்டோ மாதிரி. ரெப்ளிகேஷன் கண்ணாடி மாதிரி. 1994-ல் இஎம்சி கம்பெனி எஸ்ஆர்டிஎஃப் என்ற ஒன்றைக் கொண்டுவந்தது. டேட்டாபேஸுக்குத் தெரியாமலே, கீழே வட்டு அளவிலேயே ஒவ்வொரு எழுத்தையும் தூரத்தில் இருக்கும் இன்னொரு பெட்டிக்கு அனுப்பிவிடும். வங்கிகளுக்கும் சந்தைகளுக்கும் இது ரொம்பப் பிடித்துப்போனது.

இதில் இரண்டு வகை. முதல் வகையில், அந்தப் பக்கம் எழுதியாச்சு என்று பதில் வந்த பிறகுதான் இந்தப் பக்கம் "சரி, முடிந்தது" என்று சொல்லும். ஒரு எழுத்துகூடத் தொலையாது. ஆனால் தூரம் கூடினால் ஒவ்வொரு எழுத்துக்கும் காத்திருக்கும் நேரம் கூடும். அதனால் பக்கத்தூருக்குள்தான் சரிப்படும். இரண்டாவது வகையில், இங்கே எழுதிவிட்டு நம் வேலையைப் பார்க்கலாம், நகல் பின்னாலேயே மெதுவாக வரும். எவ்வளவு தூரமானாலும் பரவாயில்லை. ஆனால் மூலம் திடீரென்று செத்தால் கடைசிச் சில நொடிகள் அம்பேல்.

ஆகவே பெரிய சந்தைகள் மூன்று இடம் வைத்துக்கொள்கின்றன. முதன்மைத் தளம், பக்கத்திலேயே ஒரு தளம் (ஒன்றும் தொலையாமல் இருக்க), வேறு நிலநடுக்க மண்டலத்தில் தூரமாக ஒரு தளம் (ஊரே போனாலும் பிழைக்க). என்எஸ்இக்கு அந்தத் தூரத்துத் தளம் அப்போது நம் சென்னையில் இருந்தது.

முதல் வகையில் லிங்க் அறுந்தால் என்ன செய்வது என்பதை முன்கூட்டியே முடிவு செய்து வைக்க வேண்டும். ஒன்று, நகல் கிடைக்கவில்லை என்றால் எழுதுவதையே நிறுத்து. இல்லையென்றால், நீ பாட்டுக்கு எழுது, எது எது அனுப்பப்படவில்லை என்று குறித்துக்கொள், லிங்க் வந்ததும் அனுப்பிக்கொள்ளலாம். அன்றைக்கு நடந்திருக்க வேண்டியது இரண்டாவது. நடந்ததோ, லிங்க் தடுமாறியதும் முதன்மைத் தளத்தில் இருந்த சேமிப்புப் பெட்டியையே சர்வர்களால் அணுக முடியாமல் போனது. வர்த்தகம் நடத்தும் கணினிகள் நன்றாகத்தான் ஓடின. ஆனால் யார் எவ்வளவு ஆபத்தான பேரம் வைத்திருக்கிறார்கள் என்று கண்காணிக்கும் ரிஸ்க் மேனேஜ்மென்ட் அமைப்பும், குறியீட்டெண் கணக்கிடுவதும் அந்தப் பெட்டியை நம்பி இருந்தன. கண்காணிப்பு இல்லாமல் வியாபாரம் நடத்தக் கூடாது, எனவே நிறுத்தினார்கள். நிறுத்தியது சரி என்றுதான் எனக்குத் தோன்றுகிறது. சரியில்லாதது, பாதுகாப்புக்காக வைத்த நகல் மூலத்தின் கழுத்தைப் பிடித்த விதம்.

சென்னைக்கு மாறியிருக்கலாமே என்று அப்போது எல்லோரும் கேட்டார்கள். மாறவில்லை, மும்பையிலேயே சரிசெய்து திறந்தார்கள். தூரத்து நகல் எப்போதும் கொஞ்சம் பின்தங்கித்தான் இருக்கும். அதற்கு மாறுவதென்றால் "கடைசி நொடிகளில் நடந்த பேரங்கள் யாருடையவை" என்ற கேள்வியோடு மாற வேண்டும். யாரோ ஒருவர் அதற்குத் துணிய வேண்டும். அந்தத் துணிச்சலை மனிதர்களிடம் விட்டுவைக்கக் கூடாது என்று செபி நினைத்ததோ என்னவோ, அதே 2021 மார்ச்சில் விதியை மாற்றியது: முக்கியமான அமைப்பு எது நின்றாலும் 30 நிமிடத்துக்குள் அதைப் பேரிடர் என்று அறிவிக்க வேண்டும், அறிவித்த 45 நிமிடத்துக்குள் மாற்றுத் தளத்துக்குப் போய்விட வேண்டும்.

இது கோடிக்கணக்கில் பணம் புரளும் இடத்துக் கதை. நம்மைப் போன்றவர்கள் லேபில் தொட்டுப் பார்ப்பது மைஎஸ்க்யூஎல்தான். அதன் கதையும் சுவாரசியமானது.

மைஎஸ்க்யூஎல்லில் ரெப்ளிகேஷன் வந்தது 2000-ல், 3.23.15 பதிப்பில். மூல சர்வர் தான் செய்த ஒவ்வொரு மாற்றத்தையும் பைனரி லாக் என்ற கோப்பில் எழுதும். நகல் சர்வர் அதை இழுத்து வந்து தானும் செய்யும். முதலில் இழுப்பது, செய்வது இரண்டையும் ஒரே திரெட் செய்தது. 4.0-ல்தான் இரண்டாகப் பிரித்தார்கள்: ஒன்று இழுத்து வந்து ரிலே லாக்கில் போடும், இன்னொன்று அங்கிருந்து எடுத்துச் செய்யும். இந்தப் பிரிவினை பெரிய உபகாரம். லிங்க் அறுந்ததா, அல்லது லிங்க் நன்றாக இருந்து நகலில் வேலை மட்டும் நின்றதா என்று தனித்தனியாகப் பார்க்க முடிந்தது அதற்குப் பிறகுதான். இன்றைக்கும் ரெப்ளிகேஷன் நின்றுவிட்டது என்று யாராவது சொன்னால் முதலில் கேட்க வேண்டியது அதுதான்: எந்தத் திரெட்?

அந்தக் காலத்து மைஎஸ்க்யூஎல்லின் மிகப் பெரிய வேடிக்கை 3600 என்ற எண். மூலத்திலிருந்து ஒரு சத்தமும் வரவில்லை என்றால் எத்தனை நொடி காத்திருந்து "லிங்க் போய்விட்டது" என்று நகல் முடிவு செய்யும்? ஒரு மணி நேரம்! அதுவரை நிலைமை கேட்டால் "இணைந்திருக்கிறேன், புதிதாக ஏதாவது வரட்டும் என்று காத்திருக்கிறேன்" என்று பச்சைப் பிள்ளை மாதிரி சொல்லும். பின்தங்கல் எத்தனை நொடி என்றால் பூஜ்யம் என்று காட்டும். பூஜ்யம்தானே என்று நாம் தூங்கப் போகலாம்.

எங்கள் காஞ்சிபுரத்திலேயே ஒரு பட்டுக் கடையில் இதே கதை நடந்தது (பெயர் வேண்டாம்). இரண்டு கிளைகள். ஒரு கிளையில் விற்ற சேலை இன்னொரு கிளையின் கம்ப்யூட்டரில் உடனே குறைய வேண்டும், ஏனென்றால் கோர்வைப் பட்டு ஒவ்வொன்றும் தனிச் சரக்கு. அதே பார்டர், அதே நிறத்தில் இன்னொன்று இருக்கும் என்ற உத்தரவாதம் இல்லை. காலையில் கடை திறந்தால் முதல் ஒரு மணி நேரம் ஸ்டாக் பொருந்தாது. அப்புறம் தானாகச் சரியாகிவிடும். மாதக்கணக்கில் "காலையில் நெட் ஸ்லோ" என்றே நம்பிக்கொண்டிருந்தார்கள். ஒரு முகூர்த்த நாள் நெருக்கத்தில், விற்றுப்போன சேலையை இன்னொரு கிளையில் அட்வான்ஸ் வாங்கிக்கொண்டு பதிவு செய்துவிட, கல்யாண வீட்டுக்காரர்கள் வந்து நின்றபோதுதான் ஆராய ஆரம்பித்தார்கள்.

விஷயம் இதுதான். ராத்திரி முழுக்க விற்பனை இல்லை, அதனால் லிங்கில் ஒரு பைட்கூடப் போகவில்லை. நடுவில் இருந்த ஃபயர்வால், சும்மா கிடக்கும் இணைப்பு என்று அதைத் தன் பட்டியலிலிருந்து எடுத்துவிட்டது. இரண்டு பக்கத்துக்கும் சொல்லவே இல்லை. டிசிபி தானாகச் சோதித்துப் பார்க்குமே என்றால், 1989-ல் எழுதிய விதிப்படி அந்தச் சோதனைக்கு இயல்பாக இரண்டு மணி நேர இடைவெளி, அதுவும் கேட்டால்தான். காலையில் முதல் பில் போட்டதும் மூல சர்வர் அனுப்பிப் பார்க்கிறது, பதில் இல்லை. நகலோ ஒன்றும் தெரியாமல் காத்திருக்கிறது. அதன் 3600 நொடி முடிந்ததும்தான் புதிதாக இணைகிறது. பழைய பதிப்பையே வருடக்கணக்கில் ஓட்டிக்கொண்டிருந்ததன் பலன்.

இதற்கு மருந்து 2010-ல் வந்த 5.5 பதிப்பிலேயே இருந்தது. ஹார்ட்பீட். சொல்ல ஒன்றும் இல்லாவிட்டாலும் "நான் இருக்கிறேன்" என்று மூலம் அவ்வப்போது சொல்லிக்கொண்டே இருக்கும். அந்த 3600-ஐ 60 ஆகக் குறைக்க 5.7 வரை காத்திருக்க வேண்டியிருந்தது.

இன்னொரு பழைய வியாதி, அடிக்கடி இணைவதும் அறுவதும். நொடிக்கு நொடி லிங்க் போகும், வரும். கேபிளை மாற்றுவார்கள், ஸ்விட்சை மாற்றுவார்கள், பலன் இருக்காது. கடைசியில் பார்த்தால் இரண்டு நகல் சர்வர்களுக்கு ஒரே சர்வர் எண். ஒன்று இணைந்தால், "ஓ, பழைய ஆள்தான் திரும்ப வந்திருக்கிறான்" என்று மூலம் மற்றதன் இணைப்பை வெட்டிவிடும். அது மறுபடி வரும், இதை வெட்டும். 5.6-ல் தனி அடையாளம் ஒன்று தானாக உருவாகும்படி செய்தார்கள். ஆனால் மெய்நிகர் கணினிகளில் மக்கள் முழு சர்வரையும் அப்படியே குளோன் எடுத்தார்கள், அந்த அடையாளமும் சேர்ந்து குளோன் ஆனது. வியாதி திரும்பி வந்தது :-)

அறுவதைவிட, அறுந்த பின் எங்கிருந்து தொடர்வது என்பதுதான் பெரிய பாடு. தறியில் பாவு இழை அறுந்தால் நெசவாளர் முனையைத் தேடி எடுத்து, முடிச்சுப் போட்டு, அது வந்த அதே விழுதின் வழியாக, அச்சில் அதே இடத்தில் கோர்க்க வேண்டும். பக்கத்துக் கண்ணில் கோர்த்துவிட்டால் சேலை நெய்துகொண்டேதான் போகும், புட்டாவில்தான் கோளாறு தெரியும். பழைய மைஎஸ்க்யூஎல் "எந்தக் கோப்பில் எத்தனையாவது இடம் வரை செய்தேன்" என்பதை ஒரு சின்னக் கோப்பில் எழுதி வைத்தது. கரண்ட் போனால் அந்தக் கோப்பு உண்மையைவிடக் கொஞ்சம் பின்னால் நின்றுவிடும். திரும்ப ஓடும்போது செய்ததையே மறுபடி செய்யப் போய், "இந்த எண் ஏற்கெனவே இருக்கிறது" என்று 1062 பிழையோடு நிற்கும். உடனே இணையத்தில் தேடினால் கிடைக்கும் வைத்தியம், ஒன்றைத் தாண்டிப் போ என்று சொல்வது. தாண்டும். ஓடும். இன்னொரு தடவை நிற்கும், இன்னொரு தடவை தாண்டுவார்கள். ஒரு வருடம் கழித்து மூலமும் நகலும் பெரியப்பா மகன் சித்தப்பா மகன் அளவுக்குத்தான் ஒத்திருக்கும். இரண்டையும் வரிசை வரிசையாக ஒப்பிட்டுப் பார்க்கத் தனிக் கருவிகளே எழுத வேண்டி வந்தது இதனால்தான். 2013-ல் 5.6 பதிப்பில் ஒவ்வொரு பரிவர்த்தனைக்கும் உலகத்தில் ஒரே ஒரு எண் என்ற முறை வந்த பிறகு இந்தத் தொல்லை வெகுவாகக் குறைந்தது.

கேபிள் அறுவது பற்றிச் சொல்லும்போது 2008-ஐச் சொல்லாமல் விடக் கூடாது. அந்த வருடம் ஜனவரி 30-ல் எகிப்தின் அலெக்சாண்டிரியா அருகே கடலடியில் இரண்டு கேபிள்கள் அறுந்தன. அதில் ஒன்றான சீ-மி-வி 4 சென்னையில் கரை ஏறுவது. இந்தியாவின் வெளிநாட்டு இணைப்பில் சுமார் பாதி போனது. இரண்டு நாளில் துபாய் பக்கம் ஃபால்கன் கேபிளும் அறுந்தது. ஆராய்ந்தால் கைவிடப்பட்ட ஒரு நங்கூரம். கிழக்கே சிங்கப்பூர் வழியாகச் சென்னைக்கு வரும் கேபிள்கள் இருந்ததால் நம் பக்கம் ஓரளவு தப்பியது. ஆனால் சுற்று வழியில் போனால் ஒவ்வொரு பதிலும் தாமதமாக வரும், பதிலுக்குக் காத்திருக்கும் எதுவும் தவழும்.

அடுத்தது 43 நொடிக் கதை. 21 அக்டோபர் 2018. கிட்ஹப் அமெரிக்கக் கிழக்குக் கரையில் பழுதாகிக்கொண்டிருந்த ஒரு ஆப்டிகல் கருவியை மாற்றியது. வழக்கமான பராமரிப்பு வேலைதான். 43 நொடிகள் லிங்க் இல்லை. மனிதன் என்றால் டீ கிளாஸை வைப்பதற்குள் திரும்பி வந்திருக்கும். ஆனால் அவர்கள் தானாக முடிவெடுக்கும் மென்பொருள் வைத்திருந்தார்கள். மூலம் செத்துவிட்டது என்று முடிவு செய்து, மேற்குக் கரை நகலுக்குப் பட்டம் கட்டிவிட்டது. லிங்க் வந்து பார்த்தால் கிழக்கில் மேற்குக்குப் போகாத சில எழுத்துகள், மேற்கில் கிழக்குக்குத் தெரியாத பல எழுத்துகள். இரண்டு ராஜா, ஒரு ராஜ்யம். பரபரப்பான ஒரு கிளஸ்டரில் அப்படித் தனித்துப்போன எழுத்துகள் 954. ஒரு எழுத்தையும் இழக்கக் கூடாது என்று முடிவெடுத்து, பொறுமையாகச் சேர்த்து முடிக்க 24 மணி 11 நிமிடம் ஆனது. என்எஸ்இயில் மனிதர்கள் தாமதித்தார்கள் என்று திட்டுகிறவர்கள் இந்தக் கதையையும் படிக்க வேண்டும்.

கிட்லாப் கதை இதற்கு நேர் எதிர். 31 ஜனவரி 2017. அவர்களுடையது போஸ்ட்கிரெஸ். நகல் ரொம்பப் பின்தங்கியது. அதற்கு வேண்டிய லாக் துண்டுகளை, யாரும் கேட்க மாட்டார்கள் என்று மூலம் ஏற்கெனவே அழித்துவிட்டது. இனி முதலிலிருந்துதான் நகல் எடுக்க வேண்டும். எடுக்கும் கருவியோ ஒன்றும் சொல்லாமல் நின்றுகொண்டே இருக்கிறது (அது சும்மா காத்திருந்ததாம், காத்திருக்கிறேன் என்று ஒரு வரி சொல்லக் கூடாதா?). நடுராத்திரியில், நகலில் உள்ள பழைய கோப்புகள்தான் தடை என்று நினைத்து ஒருவர் அழிக்கிறார். அழித்தது நகலில் இல்லை, மூலத்தில். சுதாரித்து நிறுத்துவதற்குள் சுமார் 300 ஜிபியில் மிஞ்சியது 4.5 ஜிபி. வேறு வேலைக்காகத் தற்செயலாக ஆறு மணி நேரம் முன்பு எடுத்திருந்த ஒரு பிரதியால் பிழைத்தார்கள். மீட்கும் வேலையை அவர்கள் யூடியூபில் நேரடியாக ஒளிபரப்பினார்கள், நடந்ததை ஒளிவுமறைவில்லாமல் எழுதியும் வைத்தார்கள். அந்த நேர்மைக்காகவே எனக்கு அவர்களைப் பிடிக்கும். போஸ்ட்கிரெஸில் 2014-லேயே, 9.4 பதிப்பில், நகல் வாங்கிக்கொள்ளும் வரை லாக்கை அழிக்காதே என்று சொல்லும் ஸ்லாட் வசதி வந்திருந்தது. அதிலும் ஒரு வம்பு உண்டு: நகல் திரும்பி வரவே இல்லை என்றால் லாக் சேர்ந்து சேர்ந்து மூலத்தின் வட்டு நிரம்பிவிடும்.

மூலம், நகல் என்ற பிரச்சினை நம் ஊருக்குப் புதிதல்ல என்பதையும் ஒரு ஓரமாகச் சொல்லிவிடுகிறேன். சென்னை அருங்காட்சியகத்தில் உத்தம சோழன் காலத்து, அதாவது 10-ஆம் நூற்றாண்டுச் செப்பேடு ஒன்று இருக்கிறது. காஞ்சியின் ஊரகத்துக் கோயில் சம்பந்தப்பட்டது. கோயிலின் கணக்கு வழக்கைப் பார்க்கும் பொறுப்பை இந்நகர நெசவாளர் சேரிகளிடம் ஒப்படைத்த ஆவணம் அது. கல்லில் இருப்பது கோயிலோடு நிற்கும், செம்பில் இருப்பது கையோடு போகும். ஒன்று போனால் ஒன்று. திருவல்லம் கோயிலில் இன்னும் சுவையான ஒன்று உண்டு. மண்டபத்தைப் பிரித்துத் திரும்பக் கட்டியபோது, முன்பு இருந்த கல்வெட்டைப் பார்த்துப் புதுக் கல்லில் வெட்டி, இது பழைய கல்வெட்டின் படி என்று அதிலேயே எழுதி வைத்திருக்கிறார்கள். தான் நகல் என்று தானே சொல்லும் நகல்! மைஎஸ்க்யூஎல் நகல் சர்வரில் "படிக்க மட்டும்" என்று அமைக்காமல் விட்டு, யாரோ அதில் நேரடியாக எழுதி, மறுநாள் ரெப்ளிகேஷன் நின்றுபோவதைப் பார்க்கும்போதெல்லாம் அந்தக் கல்தச்சரை நினைத்துக்கொள்வேன்.

மறுபடி என்எஸ்இக்கு. 2024 மார்ச் 2, ஒரு சனிக்கிழமை. விடுமுறை நாளில் சந்தையைத் திறந்தார்கள். முதல் பகுதி வர்த்தகம் முதன்மைத் தளத்தில் நடந்தது. நடுவில் ஒரு இடைவேளை. இரண்டாம் பகுதி முழுக்க மாற்றுத் தளத்தில், நிஜப் பணத்தோடு, நிஜ வாடிக்கையாளர்களோடு. மே 18-ஆம் தேதி, அதுவும் சனிக்கிழமை, மறுபடியும் இதேபோல் செய்து பார்த்தார்கள்.